நேரடித் தொலைக்காட்சியும் பிராந்தியக் கலைஞனும்: பேர் ரில்ஸ்ட்ரொம் பற்றிய ஒரு குறிப்பு

வெகுசனத் தொடர்புச் சாதனங்களின் வரலாறு பெரும்பாலும் பொறிகளினதும் நிறுவனங்களினதும் வரலாறாகவே எழுதப்படுகின்றது. அச்சாதனங்களுட் புகுந்த கலைஞனின் நிலை யாதென்பது அருகியே ஆராயப்படுகின்றது. சிக்காகோ நகரத்துப் பாவைக் கலைஞரான பேர் ரில்ஸ்ட்ரொமின் (1917–1985) தொலைக்காட்சி வாழ்க்கை இவ்வகையிற் கவனத்துக்குரியது.

1930களின் பொருளாதாரப் பெருமந்தக் காலத்தில், அரசாங்க வேலைவாய்ப்புத் திட்டத்தின் கீழ் இயங்கிய சிக்காகோப் பூங்கா அரங்கிலே தொழில் பயின்றவர் அவர். 1947 ஒக்டோபரில் உள்ளூர் நிலையமொன்றில் அவரது நிகழ்ச்சி தொடங்கிற்று. தொலைக்காட்சிப் பெட்டிகளை உற்பத்தி செய்த ஆர்.சி.ஏ. நிறுவனம், தன் பெட்டிகளுக்குச் சந்தை தேடும் நோக்குடன் அதற்கு அனுசரணை வழங்கிற்று. பின்னர் ‘குக்லா, பிரான், ஒல்லி’ எனப் புகழ்பெற்ற இந்நிகழ்ச்சியில், குக்லா என்ற கோமாளி, ஒற்றைப் பல் கொண்ட ஒல்லி என்ற டிராகன் உட்படப் பாவைகள் அனைத்தையும் ரில்ஸ்ட்ரொம் ஒருவரே இயக்கிக் குரலும் கொடுத்தார். முன்னாள் ஆசிரியையும் வானொலிக் கலைஞருமான பிரான் அலிசன் அரங்கின் முன் நின்று அவற்றுடன் உரையாடினார். எழுத்துப் பிரதி இருக்கவில்லை. கதைப்போக்கை முன்கூட்டியே பேசிக்கொண்டு, உரையாடலை அக்கணத்திலேயே அவர்கள் ஆக்கினர். கூத்தாடுவோர் நன்கறிந்த இம்முறை, நேரடி ஒளிபரப்பினாலேயே தொலைக்காட்சியிற் சாத்தியமாயிற்று.

1949 ஜனவரியில் சிக்காகோ, கிழக்குக்கரை நகரங்களுடன் கம்பிவடத்தால் இணைக்கப்பட்டது. என்.பி.சி. வலையமைப்பினூடாக ரில்ஸ்ட்ரொம் நாடறிந்த கலைஞரானார். ஆயின், அவருக்குப் பார்வையாளரைப் பெருக்கிய அதே இணைப்பு, ஒளிபரப்பு நேரத்தின் விலையையும் பெருக்கிற்று. 1951 நவம்பரில் அரைமணி நேர நிகழ்ச்சி பதினைந்து நிமிடமாகக் குறுக்கப்பட்டது. பார்வையாளர் கடிதங்கள் எழுதிக் கண்டித்தனர், பயன் விளையவில்லை. 1952இல் அது வாராந்த நிகழ்ச்சியாயிற்று, 1954இல் ஏ.பி.சி. வலையமைப்புக்கு மாறி, 1957இல் ஓய்ந்தது. இது தனியொருவரின் வீழ்ச்சியன்று. எழுத்துப் பிரதியின்றி நடிக்கப்பட்ட ஸ்ரட்ஸ் ரேர்க்கலின் ‘ஸ்ரட்ஸ் பிளேஸ்’ உட்பட, ‘சிக்காகோப் பாணி’ என வழங்கிய நிகழ்ச்சிகள் பலவும் 1950களின் முற்பகுதியிலேயே மறைந்தன. தயாரிப்பு, நியூயோர்க்கிலும் பின்னர் ஹொலிவூட்டிலும் குவிந்தது.

ஒளிபரப்பான கணத்திலேயே மறையவேண்டிய அவ்வுரையாடல்களுட் கணிசமானவை எஞ்சியுள்ளன. வடத்தால் இணைக்கப்படாத நகரங்களுக்கு அனுப்புவதற்காகத் தொலைக்காட்சித் திரையிலிருந்தே எடுக்கப்பட்ட படச்சுருள்களே அதற்குக் காரணம். வணிகத் தேவைக்காக ஆக்கப்பட்ட அப்பிரதிகள் இன்று வரலாற்றுச் சான்றுகளாகியுள்ளன. ஒரு பிராந்தியக் கலையை வளர்த்ததும் ஒடுக்கியதும் ஒரே சாதனமே என்பதற்கு அவை சாட்சி பகர்கின்றன. சாதனம் எவர் கையில் உள்ளது என்ற வினாவைத் தவிர்த்துக் கலைஞனின் வெற்றி தோல்விகளை மதிப்பிடுதல் இயலாது.