வேங்கடம் முதல் காணிப்பாக்கம் வரை: ஒரு நாள் வரலாற்று உலா

நமது சங்கத்தின் ஆண்டு விழா மலருக்கு வரலாற்றுக் கட்டுரை ஒன்று எழுதித் தருமாறு செயலாளர் அவர்கள் பணித்தபோது யான் பெரிதும் தயங்கினேன். பள்ளி இறுதி வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, இரயில்வே அலுவலகத்தில் பேரேடும் சம்பளப் பட்டியலும் எழுதிக் காலங்கழிப்பவன் வரலாறு எழுதத் துணிவது தகுமோ என்று எண்ணினேன். எனினும், சென்ற சங்கராந்தி விடுமுறையில் நம் குடியிருப்பைச் சேர்ந்த ஆறு குடும்பத்தார் ஒன்றுகூடி மேற்கொண்ட ஒரு நாள் உலாவில் யான் கண்டவையும் கேட்டவையும், அன்று யான் அடைந்த நாணமும், அன்பர்கள் அனைவரும் அறியத்தக்கவை எனத் தோன்றியமையால் இதனை எழுதலானேன்.

நம்மில் பெரும்பாலோர் திருப்பதிக்குப் பன்முறை சென்றவர்களே. இரவு வண்டியில் ஏறி, விடியலில் இறங்கி, மலைமேற் சென்று, வரிசையில் நின்று, பெருமாளைக் கணநேரம் சேவித்து, லட்டுப் பிரசாதம் வாங்கிக்கொண்டு அடுத்த வண்டியில் திரும்பிவிடுகிறோம். கருவறையில் நிற்கும் தெய்வத்தைக் காண்கிறோம். அத்தெய்வத்தைச் சூழ்ந்து நிற்கும் சுவரை நோக்குவதில்லை. அச்சுவரில் எழுதியிருப்பது யாது, யார் எழுதியது, எம்மொழியில் எழுதியது என்று வினவுவதும் இல்லை. 1930-களில் திருமலை தேவஸ்தானத்தார் தம் கோயில்களின் கல்வெட்டுக்களைப் பல தொகுதிகளாக அச்சிட்டனர். அவற்றுள் மிகப் பெரும்பான்மையானவை தமிழில் உள்ளவை என்பதை நம்முள் எத்தனை பேர் அறிவோம்?

செலவு சிறிது, பயன் பெரிது

ஆந்திர அரசின் சுற்றுலாத் துறையினரும் போக்குவரத்துக் கழகத்தாரும் திருப்பதியிலிருந்து ஒரு நாள் சுற்றுலாப் பேருந்துகளை விடுவதுண்டு. யாங்கள் சிறுவரும் முதியவருமாக இருபத்துநால்வர் இருந்தமையால், வேன் ஒன்றை வாடகைக்கு அமர்த்திக்கொண்டோம். புளியோதரையும் தயிர்ச்சோறும் கையோடு கொண்டு சென்றோம். வாடகையும் வழிகாட்டிக்குரிய காணிக்கையும் உட்பட, தலைக்கு 400 ரூபாய்க்குள் அனைத்தும் முடிந்தன.

வழிகாட்டியாக வந்தவர் ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர், எழுபது அகவையைக் கடந்தவர், தாய்மொழி தெலுங்கு. பிள்ளைகள் அவரை ‘மாஸ்டாரு’ என்றே அழைத்தனர். ஓய்வு பெற்ற பின்னர், கல்வெட்டுக்களைப் படிக்க வேண்டும் என்ற ஆர்வத்தால் பழந்தமிழ் எழுத்துக்களைத் தாமே முயன்று கற்றவர் அவர். அவர் இல்லையேல் எங்கள் உலா வெறும் ஊர்சுற்றலாகவே முடிந்திருக்கும்.

குடிமல்லம்: பழமைக்குப் பழமை

வைகறையிற் புறப்பட்டு, ரேணிகுண்டாவுக்கு அப்பால் சுவர்ணமுகி ஆற்றங்கரையிலுள்ள குடிமல்லம் என்னும் சிற்றூரை அடைந்தோம். நெல்வயல்களுக்கு நடுவே பரசுராமேசுவரர் கோயில் அமைதியாக நிற்கின்றது. கருவறை பின்புறம் வளைந்து, படுத்திருக்கும் யானையின் முதுகுபோல் தோன்றும். தமிழர் இவ்வமைப்பைத் தூங்கானை மாடம் என்பர்.

உள்ளே, தரைமட்டத்திற்குத் தாழ்ந்த பள்ளத்தில், ஏறத்தாழ ஐந்து அடி உயரமுள்ள இலிங்கம் நிற்கின்றது. அதன் முகப்பில், குறள்வடிவம் ஒன்றன் தோளின்மீது இரு கைகளோடு சிவபெருமான் நிற்கின்றார். ஒரு கையில் ஆட்டைப் பிடித்திருக்கிறார், மறு கையில் கிண்டி, தோளில் மழு. திருவிதாங்கூர்த் தொல்லியல் துறைத் தலைவராக விளங்கிய து. அ. கோபிநாத ராவ் அவர்கள், 1914-இல் வெளிவரத் தொடங்கிய தம் இந்துத் திருமேனிகள் பற்றிய பெருநூலில் இதன் சிறப்பை எடுத்துரைத்தார். கி.மு. 2-ஆம் நூற்றாண்டினது என்பாரும், அதற்குச் சில நூற்றாண்டு பிற்பட்டது என்பாரும் அறிஞருள் உளர். எவ்வாறாயினும், நாட்டிலுள்ள மிகப் பழைய இலிங்கங்களுள் இஃது ஒன்று என்பதில் ஐயமில்லை. 1954 முதல் இக்கோயில் மத்திய தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளது. 1973-இல் அத்துறையினர் இங்கே அகழாய்வும் செய்தனர்.

கோயிலைச் சுற்றியுள்ள கற்களில் பல்லவர், பாணர், சோழர் காலத்துக் கல்வெட்டுக்கள் உள்ளன. அவை தமிழில் உள்ளவை. மாஸ்டாரு ஒரு கல்லின்முன் அமர்ந்து, விரலால் தடவித் தடவி எழுத்தெழுத்தாகப் படித்தார். அக்காலத்தில் கோயிலுக்கு நந்தா விளக்கு ஏற்ற விரும்புவோர் எண்ணெய்க்குப் பணம் கொடுத்துவிட்டுப் போவதில்லை. 90 அல்லது 96 ஆடுகளை இடையரிடம் ஒப்படைப்பர். இடையர் நாள்தோறும் அளந்த நெய்யைக் கோயிலுக்குக் கொடுத்துவர வேண்டும். கிழடானவை போகக் குட்டிகள் பிறந்து மந்தை குறையாது நிற்குமாதலால், ‘சாவா மூவாப் பேராடு’ என்று அவற்றைக் கல்வெட்டுக்கள் கூறும். முதல் குறையாமல் வட்டி மட்டும் செலவாகும் வைப்பு நிதி போன்றது இது. நாள்தோறும் கணக்கெழுதும் எனக்கு, அக்கற்சுவர் ஒரு பெரும் பேரேடாகவே காட்சியளித்தது.

அப்போது ஏழாம் வகுப்புப் படிக்கும் என் மகள், “அப்பா, தாத்தா படிக்கிறது தமிழா? நீங்களும் படித்துக் காட்டுங்கள்” என்றாள். யான் குனிந்து பார்த்தேன். புள்ளியில்லாத எழுத்துக்கள், சொல்லுக்குச் சொல் இடைவெளியும் இல்லை. ‘ட’, ‘ப’, ‘ம’ என்று மூன்று நான்கு எழுத்துக்களைக் கண்டுகொண்டேன், அதற்குமேல் இயலவில்லை. மாஸ்டாரு என்னைப் பார்த்து நகைக்கவில்லை. “தம்பி, எழுத்து மாறிவிட்டது; மொழி மாறவில்லை. ஆறு மாதம் முயன்றால் உமக்கும் வரும்” என்று அன்போடு கூறினார்.

அவர் அவ்வாறு கூறியது எனக்கு ஆறுதலாக இல்லை. என் மகள் தெலுங்கையும் ஆங்கிலத்தையும் பிழையறப் படிப்பாள். தமிழைப் பேசுவாளேயன்றி எழுத்துக்கூட்டவும் அறியாள். தந்தை பழைய எழுத்தை அறியான். மகள் புதிய எழுத்தையும் அறியாள். தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட முதியவர் ஒருவர் எம் முன்னோர் எழுதியதை எமக்குப் படித்துச் சொல்கிறார்! அன்று யான் அடைந்த நாணம் இதுவே.

சந்திரகிரி: சென்னைக்குப் பெயர் தந்த காலம்

குடிமல்லத்திலிருந்து திரும்பித் திருப்பதியைக் கடந்து, அங்கிருந்து 12 கிலோமீட்டர் தொலைவிலுள்ள சந்திரகிரியை அடைந்தோம். 1565-இல் தலைக்கோட்டைப் போரில் விசயநகரம் வீழ்ந்த பின்னர், அவ்வரச மரபினர் முதலிற் பெனுகொண்டாவையும் பின்னர்ச் சந்திரகிரியையும் தலைநகராகக் கொண்டனர். மலையடிவாரத்தில் மூன்றடுக்கு ராஜமகாலும் அதனருகே ராணிமகாலும் இன்றும் நிற்கின்றன. ராஜமகால் இப்போது தொல்லியல் துறையின் அருங்காட்சியகமாக விளங்குகின்றது.

1639-இல் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியார் கோட்டை கட்டிக்கொள்ளக் கடற்கரையில் நிலம் பெற்றது இச்சந்திரகிரி மன்னரின் ஆட்சியிலேதான். நிலத்தைக் கொடுத்தவர் மன்னருக்கு உட்பட்ட நாயக்கராகிய தாமர்ல வேங்கடாத்ரி. அவருடைய தந்தையின் பெயர் சென்னப்ப நாயக்கர். அப்பெயரே சென்னப்பட்டினத்துக்கு வந்தது என்பது பலரும் ஏற்றுக்கொண்ட கருத்து. வேங்கடத்துச் சுவர்களில் தமிழ் எழுத்து. தமிழகத்தின் தலைநகருக்குத் தெலுங்குத் தலைவர் பெயர்! இவ்விரு மொழியினரின் வரலாற்றைக் கத்தி கொண்டு இரண்டாக அறுத்தல் எளிதோ?

இருந்தும், அறுக்க வேண்டிய காலமும் வந்தது. 1911-இல் வடவார்க்காட்டினின்றும் கடப்பையினின்றும் பிரித்த பகுதிகளைக் கொண்டு சித்தூர் மாவட்டம் உருவாயிற்று. 1953-இல் ஆந்திர மாநிலம் பிறந்தபோது அம்மாவட்டம் ஆந்திரத்தைச் சேர்ந்தது. வடக்கெல்லைப் போராட்டம் எழுந்தது. பட்டாஸ்கர் அவர்கள் தீர்ப்பு வழங்கினார். 1960 ஏப்ரல் 1-ஆம் நாள் திருத்தணி சென்னை மாநிலத்தோடு இணைந்தது. பழைய சித்தூர் மாவட்டமும் 2022-இல் பிரிந்து, திருப்பதி தனி மாவட்டமாயிற்று. எல்லைகள் மாறுவன, கல்லில் எழுதியது அங்கேயே இருக்கின்றது.

காணிப்பாக்கம்: இரு குருதியும் ஒன்றான மன்னன்

சந்திரகிரியிலிருந்து சித்தூர்ச் சாலையில் சென்றோம். இருப்புப்பாதையும் அவ்வழியே செல்கின்றது. முங்கிலிப்பட்டு, பூதலப்பட்டு என்ற நிலையப் பெயர்களைப் பயணச்சீட்டில் எத்தனையோ முறை கண்டிருக்கிறேன். முங்கிலிப்பட்டில் ‘மூங்கில்’ ஒளிந்திருப்பதை அன்றுதான் உணர்ந்தேன்.

பிற்பகலில், பாகுதா ஆற்றங்கரையிலுள்ள காணிப்பாக்கம் சேர்ந்தோம். குருடர், செவிடர், ஊமையர் ஆகிய உடன்பிறந்தார் மூவர் தம் நிலத்துக் கிணற்றை ஆழப்படுத்தியபோது கருவி கல்லிற்பட்டுக் குருதி பெருகியது என்பதும், அதனைத் தொட்ட அளவில் அவர்தம் குறைகள் நீங்கின என்பதும், அக்கல்லே வரசித்தி விநாயகர் என்பதும் தலவரலாறு. விநாயகர் இன்றும் கிணற்று நீரினிடையே எழுந்தருளியிருக்கிறார். இவர் திருமுன் பொய்ச் சத்தியம் செய்ய யாரும் துணியார் என்னும் நம்பிக்கையால், ஊர் வழக்குகள் பல இங்கே சத்தியத்தால் தீர்வதுண்டு. விநாயகர் சதுர்த்தியன்று தொடங்கும் பெருவிழா 21 நாள் நடைபெறும்.

ஊர்ப்பெயரைப் பற்றித் தெலுங்கர் ஒரு பொருள் கூறுவர்: காணி என்பது நன்செய், அதில் நீர் பாய்ந்தமையால் காணிப்பாக்கம். தமிழில் நோக்கினால், காணி என்பது நில அளவையும் நிலவுரிமையும். பாக்கம் என்பது ஊர். எப்பொருள் கொண்டாலும், பயிர் செய்து பிழைத்த எளிய மக்களின் நிலமே தெய்வத்தின் இடமாயிற்று என்பது விளங்கும்.

இக்கோயிலைக் கட்டியவன் முதற் குலோத்துங்க சோழன் என்பர். அடுத்துள்ள மணிகண்டேசுவரர் கோயிலையும் அவன் பெயரோடு இணைத்துக் கூறுவர். மாஸ்டாரு அங்கே பிள்ளைகளை அமர்த்தி, “இம்மன்னன் தமிழனா, தெலுங்கனா?” என்று வினவினார். “சோழன், ஆதலால் தமிழன்” என்றனர் பிள்ளைகள். அவர் புன்னகை பூத்தார். குலோத்துங்கனின் தந்தை வேங்கி நாட்டுச் சாளுக்கிய மன்னன் இராசராச நரேந்திரன். தாய் இராசேந்திர சோழனின் மகள் அம்மங்கை. தெலுங்கின் ஆதிகவியாகிய நன்னயர் பாரதத்தைத் தெலுங்கிற் பாடத் தொடங்கியது அத்தந்தையின் அவையில். செயங்கொண்டார் கலிங்கத்துப்பரணி பாடியது இம்மகனைப் பற்றி. 1070-இல் சோழ அரியணை ஏறிய அவன் இரு மொழிக்கும் பிள்ளை. குடிமல்லத்துக் கோயிலைக் கல்லால் புதுப்பித்த காலமும் அவன் மகன் விக்கிரம சோழனின் ஆட்சிக்காலமே. காலையிற் கண்டதும் மாலையிற் கண்டதும் ஒரே குடும்பத்தின் வரலாறாக முடிந்தன.

“தாத்தா, அப்படியானால் அந்த இராசா எங்களைப் போல” என்றாள் என் மகள். தெலுங்கு நாட்டிற் பிறந்து தமிழ் வீட்டில் வளரும் அவளுக்கு அதனைவிடச் சிறந்த வரலாற்றுப் பாடம் எப்பள்ளியிற் கிடைக்கும்?

முடிச்சும் எழுத்தும்

தென்னமெரிக்காவிலுள்ள பெரு நாட்டில் குஸ்கோ என்றொரு நகரம் உண்டு. இன்கா என்னும் பேரரசர்களின் தலைநகரம் அது. சாந்தின்றிப் பெருங்கற்களைப் பொருத்தி அவர்கள் எழுப்பிய சுவர்களையும் பிசாக், ஒல்லாந்தாய்தாம்போ முதலிய இடங்களையும் உலகத்தார் குறைந்த கட்டணத்தில், வழிகாட்டியோடு ஒரே நாளிற் கண்டு திரும்புகின்றனர். ஆனால், இன்காக்களுக்கு நம்போல் எழுத்து இல்லை. கயிறுகளில் முடிச்சிட்டுக் கணக்கு வைத்தனர். 1533-இல் ஸ்பானியர் குஸ்கோவைக் கைப்பற்றினர். முடிச்சைப் படிக்கத் தெரிந்தவர்களும் காலப்போக்கில் மறைந்தனர். எஞ்சிய கயிறுகளில் எண்களை அறிஞர் கண்டறிந்துள்ளனர். எண்ணல்லாத முடிச்சுகள் என்ன கூறுகின்றன என்பது இன்றும் முழுமையாக விளங்கவில்லை.

அவர்கள் படிக்க இயலாமல் தவிக்கின்றனர். நாமோ படிக்க இயன்றதைப் படியாமல் விடுகிறோம். கல்லும் என்றும் நிற்பதன்று. கிருட்டிணதேவராயர் 1516-இல் எழுப்பிய காளத்தி இராசகோபுரம் 2010 மே 26-ஆம் நாள் இரவில் சரிந்து வீழ்ந்தது. புதிய கோபுரம் எழுந்து 2017-இல் குடமுழுக்கும் நிகழ்ந்தது. ஆயினும், வீழ்ந்த பழமை மீளுமோ?

நாம் செய்யத்தக்கது

ஆகவே, சங்கத்தார் திருமுன் மூன்று வேண்டுகோள்களை வைக்கின்றேன். முதலாவது, ஆண்டுக்கொரு முறையேனும் நம் குடும்பங்கள் கூடி இத்தகைய ஒரு நாள் உலாவை மேற்கொள்ள வேண்டும். இரண்டாவது, வழிகாட்டியின் காணிக்கையில் சிக்கனம் காட்டலாகாது. உணவிற் குறைக்கலாம், வண்டியில் நெருங்கி அமரலாம், அறிந்தவர் ஒருவர் உடன் வராத உலா கண்ணிருந்தும் காணாத உலாவேயாகும். மூன்றாவது, ஞாயிறுதோறும் ஒரு மணி நேரம் சங்கக் கட்டடத்தில் நம் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்துக் கற்பிக்க வேண்டும். பெரியோர் யாரும் முன்வாராவிடில், எளியேனே கற்பிக்க இசைகின்றேன். தெலுங்கைக் கைவிட்டுத் தமிழைப் பிடிக்குமாறு யான் கூறவில்லை. குலோத்துங்கனைப் போல் இரண்டையும் உடையவராக வேண்டும் என்பதே என் விருப்பம்.

திரும்பும்போது சித்தூர் நிலையத்தில் மாஸ்டாருவிடம் விடைபெற்றோம். “அடுத்த முறை வரும்போது நீ எனக்குப் படித்துக் காட்ட வேண்டும்” என்று என் மகளிடம் கூறினார் அவர். அன்று முதல் நாள்தோறும் இரவில் அவள் ஒரு பக்கம் எழுதி வருகின்றாள். உயிரெழுத்தும் மெய்யெழுத்தும் முடிந்து, உயிர்மெய் தொடங்கியிருக்கிறது. அவள் அருகிலமர்ந்து, பழைய கல்வெட்டு எழுத்தின் படம் ஒன்றை வைத்துக்கொண்டு யானும் எழுதிப் பழகுகின்றேன்.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!