அனோரெக்சியா நெர்வோசா: நோயறிதலும் வேறுபடுத்தலும்

அனோரெக்சியா நெர்வோசா என்பது எடை கூடிவிடுமோ என்ற அச்சத்தில் உணவைக் குறைத்துக்கொண்டே போய், உயிருக்கு ஆபத்தாகும் அளவுக்கு மெலியும் உளநோய். பெரும்பாலும் பதின்பருவத்தில் தொடங்கும். பெண்களிடம் அதிகம், ஆண்களுக்கும் வரும். இதை உறுதிசெய்ய இரத்தப் பரிசோதனை எதுவும் கிடையாது. நோயாளியிடமும் வீட்டாரிடமும் பேசித்தான் கண்டறிய வேண்டும்.

அமெரிக்க உளமருத்துவச் சங்கத்தின் உளநோய்க் கையேடான டிஎஸ்எம்-5 (2013) மூன்றைப் பார்க்கச் சொல்கிறது: வயதுக்கும் உயரத்துக்கும் மிகக் குறைவான எடை, எடை கூடுவது குறித்த கடும் அச்சம் அல்லது அதைக் கூடவிடாமல் தடுக்கும் விடாப்பிடியான நடத்தை, தன் உடல் தனக்கே பருத்துத் தெரிவது போன்ற பிறழ்ந்த உணர்வு. மாதவிடாய் நின்றிருக்க வேண்டும் என்ற பழைய விதி இதில் கைவிடப்பட்டது. உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாடான ஐசிடி-11 பெரியவர்களுக்கு உடல் நிறை குறியீடு (பிஎம்ஐ) 18.5-க்குக் கீழ் என்று எல்லை வைக்கிறது.

காசநோய், தைராய்டு மிகைச்சுரப்பு, முதல் வகை நீரிழிவு, குடல் அழற்சியான குரோன் நோய், அட்ரினல் சுரப்பு குறையும் அடிசன் நோய், புற்றுநோய் ஆகியவற்றாலும் உடல் இளைக்கும். ஆனால் அந்த நோயாளிகள் இளைப்பதைச் சொல்லித்தான் மருத்துவரிடம் வருவார்கள். அனோரெக்சியா நோயாளியை வீட்டார்தான் அழைத்துவர வேண்டியிருக்கும். தைராய்டு மிகைச்சுரப்பில் நாடி விரையும். பட்டினியில் நிமிடத்துக்கு 60-க்கும் கீழே இறங்கும். தானே வாந்தியெடுப்பவருக்குப் பொட்டாசியம் குறையும், விரல் முட்டிகளில் பல் பட்ட தழும்பு இருக்கலாம். அடிசன் நோயில் பொட்டாசியம் கூடும், தோல் கறுக்கும். அழற்சியைக் காட்டும் இரத்தச் சோதனையான இஎஸ்ஆர் உயர்ந்திருந்தால் காசநோயையோ குடல் அழற்சியையோ தேடுவது நல்லது. வெறும் பட்டினியில் அது பொதுவாக உயர்வதில்லை. பரிசோதனைகள் எல்லாம் இயல்பாக வந்தாலும் ஆபத்தில்லை என்று அர்த்தமில்லை.

அனோரெக்சியாவை உடல்நோயாக எடுத்துக்கொள்ளும் குழப்பம் பழையது. பிட்யூட்டரி சுரப்பி அழிந்து ஒருவர் இறந்ததை ஜெர்மானிய மருத்துவர் மோரிஸ் சிம்மண்ட்ஸ் 1914-இல் விவரித்தார். அந்தக் குறைபாட்டால் உடல் மெலியும் என்று கருதப்பட்டதால், அதன்பின் பல ஆண்டுகள் அனோரெக்சியா நோயாளிகள் பலருக்குப் பிட்யூட்டரிக் குறைபாடு என்று முத்திரை குத்திச் சுரப்பிச் சாறு கொடுத்தார்கள். நோயாளியிடம் நாலு வார்த்தை பேசியிருந்தாலே பாதி தெளிந்திருக்கும்.

மற்ற உளக்கோளாறுகளிலிருந்தும் இதைப் பிரித்தறிய வேண்டும். மனச்சோர்வில் பெரும்பாலும் பசியே செத்துவிடும். அனோரெக்சியாவில் பசி இருக்கும், அடக்கிவைக்கப்படும். தான் தொடாத பலகாரத்தை மற்றவர்களுக்கு ஆசையாகச் செய்துபோடுவோரும் உண்டு. புலிமியா என்னும் உணவுக் கோளாறில் அளவுமீறித் தின்பதும் வாந்தியும் இருந்தாலும் எடை இவ்வளவு இறங்காது. உணவின் மணமோ பதமோ பிடிக்காமல், தொண்டையில் சிக்கிவிடுமோ என்று பயந்து தவிர்ப்பவர்களுக்கு உடல் தோற்றம் பற்றிய கவலை இராது. அது ஏஆர்எஃப்ஐடி என்னும் தனிக் கோளாறு.

ஆனால் 1990-களில் ஹாங்காங் உளமருத்துவர் சிங் லீ, பருத்துவிடும் அச்சத்தைச் சொல்லாத அனோரெக்சியா நோயாளிகளைப் பற்றி எழுதினார். வயிறு உப்புகிறது, சாப்பிடப் பிடிக்கவில்லை என்பதே அவர்கள் பலரும் சொன்ன காரணம். அத்தகையவர்களிடம் வாய்ச்சொல்லைவிட, எடை கூடாமல் பார்த்துக்கொள்ளும் நடத்தையையே மருத்துவர் கவனிக்க வேண்டியிருக்கிறது.