வேர் வந்தது, தண்டு வரவில்லை: புனேயும் ருபார்ப் 'பை'யும்

மராத்தியில் 'ரேவாசினி' என்றொரு சொல் உண்டு. தமிழ்ச் சித்த மருத்துவத்தில் அதன் இணை 'இரேவற்சின்னி'. இரண்டும் நாட்டு மருந்துக்கடைப் பெயர்கள். மலச்சிக்கலுக்கும் செரிமானக் கோளாறுக்கும் கொடுக்கப்படும் ஒரு காய்ந்த வேரைக் குறிப்பவை. இவற்றின் மூலம் பாரசீகத்தின் 'ரேவந்த்-இ-சீனி', அதாவது சீனத்து ரேவந்த். ஆங்கிலேயர் ருபார்ப் என அழைப்பதும் இச்செடி இனத்தைத்தான். ஆனால் ஓர் ஆங்கிலேய வீட்டில் அச்சொல் நினைவூட்டுவது மருந்தை அன்று. புளிப்பான செந்நிறத் தண்டை நறுக்கிச் சர்க்கரையுடன் மாவுக்குள் பொதிந்து, ஆளுக்கொன்றாகச் சுட்டெடுக்கும் 'பை' என்னும் பண்டத்தை.

பூனா என்ற பெயரில் நூற்றிருபது ஆண்டுகளுக்கு மேல் ஆங்கிலேயப் படைநகராகவும், பம்பாய் மாகாண ஆட்சியின் மழைக்கால இருப்பிடமாகவும் விளங்கியது புனே. ஆங்கிலேயர் உண்ட ரொட்டியும் பிஸ்கட்டும் கேக்கும் அந்நகரில் வேரூன்றின. ருபார்ப் 'பை' மட்டும் மராத்தி வீடுகளில் இடம்பெறவில்லை. இதற்கான விடையைச் செடி, அடுப்பு, பந்தி ஆகிய மூன்றிடங்களில் தனித்தனியே தேடவேண்டும்.

முதலில் செடி. பாரசீகம் வேருக்கு 'ரேவந்த்' என்றும், உண்ணும் தண்டுக்கு 'ரீவாஸ்' என்றும் இரு பெயர்களை வைத்திருக்கிறது. ஜொராஸ்டிரியரின் புந்தஹிஷ்ன் என்னும் பஹ்லவி நூல், முதல் மனித இணையான மஷ்யாவும் மஷ்யானேயும் ரீவாஸ் செடியின் வடிவில் மண்ணிலிருந்து முளைத்தெழுந்தனர் என்கிறது. இவ்விரு பெயர்களில் மராத்திக்கும் தமிழுக்கும் வந்து சேர்ந்தது வேரின் பெயர் மட்டுமே. காய்ந்த வேர் ஒட்டகத்திலும் கப்பலிலும் மாதக்கணக்கில் கெடாமல் செல்லும். தண்டோ பெரும்பகுதி நீர். பறித்த சில நாட்களில் வாடிவிடும். வணிகப் பாதையில் எது பயணம் செய்ததோ அதன் பெயரே பயணம் செய்தது. அவ்வேரின் வணிக மதிப்பு எத்தகையது என்பதற்கு ஒரு சான்று: 1839இல் சீன ஆணையர் லின் செஷு விக்டோரியா அரசிக்கு எழுதிய கடிதம், தேயிலையும் ருபார்பும் இன்றி அயல்நாட்டார் வாழ முடியாது என்ற கருத்தை முன்வைக்கிறது.

தண்டைப் பயிரிட்டு உண்பதற்குக் குளிர் வேண்டும். உறைநிலையை நெருங்கும் குளிர்காலத்தில் உறங்கி எழுந்தால்தான் செடி செழித்துத் தண்டு விடும். இமயச் சரிவுகளில் ருபார்ப் இனம் இயல்பாக வளர்கிறது; அங்கே தண்டை உண்ணும் வழக்கமும் உண்டு. தக்காணப் பீடபூமியின் மிதமான குளிர் அதற்குப் போதாது. மேலும், புளிப்பு மிகுந்த இத்தண்டு இங்கிலாந்திலேயே பழம்பெரும் உணவன்று. சர்க்கரை மலிவான பின்னரே, 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், லண்டனை அடுத்த டெட்ஃபர்டில் ஜோசப் மயாட் போன்ற தோட்டக்காரர்கள் அதைச் சந்தைக்குப் பெருமளவில் கொண்டுவந்தனர். அமெரிக்காவில் அச்செடிக்குப் 'பை-செடி' என்றே பெயர் வழங்கலாயிற்று. மருந்தின் பெயர் பின்தள்ளப்பட்டு, பண்டத்தின் பெயர் செடிக்கு ஏறிய அரிய நிகழ்வு இது.

அடுத்தது அடுப்பு. மாவுக்குள் இனிப்பைப் பொதிந்து ஆளுக்கொன்றாகச் செய்யும் பண்டம் புனேக்குப் புதிதன்று. தீபாவளிக்கு மராத்தி வீடுகளில் செய்யும் கரஞ்ஜி அதுவே. தமிழ்நாட்டில் அதன் உறவினர் சோமாசி. மராத்தியில் 'கரஞ்ஜ்' என்பது புங்கமரம். அதன் காயும் இப்பண்டமும் ஒரே வடிவின. சோமாசிக் கரண்டியின் சக்கரம் விளிம்பை வெட்டுவதும், ஆங்கிலேயச் சமையற்காரர் 'பை'யின் விளிம்பை நெளியாக அழுத்துவதும், உள்ளிருப்பது வெளியே வராமல் காக்கும் ஒரே நோக்கம் கொண்டவை. வேறுபாடு வெப்பத்தில் உள்ளது. விறகடுப்பு கீழிருந்து மட்டுமே வெப்பம் தரும். 'பை'க்கு நாற்புறமும் சூழ்ந்த வெப்பம் தேவை. கொதிக்கும் நெய் அதே சூழ்வெப்பத்தைத் தருவதால் கரஞ்ஜி பொரிக்கப்பட்டது. மொழியும் இதற்குச் சான்று. மராத்தியின் 'பாஜ்ணே', தமிழின் 'சுடு' ஆகிய வினைகள் வாட்டுவதையும் வறுப்பதையும் அனலில் வேகவைப்பதையும் ஒருங்கே குறிக்கும். மூடிய அடுப்பில் சுடுவதற்கென்று தனிவினை தோன்றவில்லை.

மூன்றாவது பந்தி. மூடிய அடுப்பு புனேயில் இல்லாமல் இல்லை; படைநகரின் ரொட்டிக் கடைகளில் இருந்தது. அங்கிருந்து வந்ததை யார் உண்ணலாம் என்பதே வினா. 1890 அக்டோபர் 14 அன்று, புனேயின் பஞ்ச ஹௌத் மிஷனில் நடந்த கூட்டத்தின் முடிவில் தேநீரும் பிஸ்கட்டும் வழங்கப்பட்டன. மகாதேவ கோவிந்த ரானடேயும் பால கங்காதர திலகரும் அங்கிருந்தனர். சிலர் அருந்தினர், சிலர் மரியாதைக்குக் கோப்பையை ஏற்றதோடு நிறுத்தினர். வந்திருந்தோரின் பெயர்கள் பத்திரிகையில் வெளியானதும் சாதி விலக்கு வழக்கு சங்கராச்சாரியார் வரை சென்றது. ரானடே பின்னர்ப் பிராயச்சித்தம் செய்துகொண்டார். அதற்காகச் சீர்திருத்தத் தரப்பினரே அவரைக் கண்டித்தனர். உயர்நீதிமன்ற நீதிபதியாக உயரவிருந்த ஒருவருக்கே ஒரு கோப்பைத் தேநீரின் விலை இதுவாயின், கடையடுப்பின் பண்டம் சாதாரண பிராமண வீட்டின் சமையலறைக்குள் நுழைவது எளிதாக இருந்திருக்க முடியாது.

இத்தடையைக் கடந்த வழி ஒன்று பிற்காலத்தில் உருவாயிற்று. தீபாவளிக்கு முன் வீட்டில் பிசைந்த நான்கடாய் மாவைத் தட்டில் அடுக்கி, அருகிலுள்ள பேக்கரியில் கூலிக்குச் சுட்டு வாங்கும் வழக்கம் புனேயிலும் மும்பையிலும் பரவியது. மாவு, நெய், கை ஆகியன வீட்டுடையவை. அனல் மட்டும் பிறருடையது. 'நான்' பாரசீக ரொட்டி. 'கதாய்' என்பதைச் சீனத்தைக் குறிக்கும் பழம்பெயராகப் பொதுவாக விளக்குவர். ரேவந்த்-இ-சீனியைப் போலவே இச்சொல்லும் சீனத்தைச் சுட்டிப் பாரசீக வாய்வழி வந்தது. ஆனால் இது மருந்துக்கடையில் நிற்காமல் பண்டிகைத் தட்டில் ஏறிற்று.

அந்த அனலை வைத்திருந்தோருள் ஈரானியரும் அடங்குவர். ஷ்ரூஸ்பரி பிஸ்கட்டுக்குப் பெயர்பெற்ற கயானி பேக்கரியை 1955இல் புனே கேம்ப் பகுதியில் தொடங்கியவர்கள் ஈரானிய ஜொராஸ்டிரியர்களே. ரீவாஸ் செடியிலிருந்து மனிதன் பிறந்தான் என்ற மரபுக்குரியோர், ரீவாஸ் விளையாத ஊரில், ஓர் ஆங்கில நகரத்தின் பெயர் தாங்கிய பிஸ்கட்டைச் சுட்டு மராத்தி வீடுகளுக்கு அளித்தனர்.

எனவே, 'அடுமனைப் பண்டங்கள் ஆங்கிலேயரோடு வந்தன' என்னும் ஒற்றை வாக்கியம் போதாது. செடியைத் தட்பவெப்பம் தடுத்தது. அடுப்பை எரிபொருளும் அமைப்பும் தடுத்தன. பண்டத்தைச் சாதி தடுத்தது. பிரஷர் குக்கரில் மணல் பரப்பி கேக் சுடும் காலம் வந்தபோது பின்னிரண்டு தடைகளும் தளர்ந்துவிட்டன. இன்று புனேயில் ஒருவர் சிறு அச்சுகளில் 'பை' சுட விரும்பினால், ருபார்புக்கு ஈடான புளிப்பு மாங்காயிலும், 'அம்பாடி' எனப்படும் புளிச்சகீரை வகையின் செந்நிறப் புல்லியிதழிலும் கிடைக்கும். உணவு வரலாற்றை ஆராய்வோர் ஒரு பண்டம் எப்போது வந்தது என்பதோடு, அதன் எந்தப் பகுதி வந்தது, எது வழியில் நின்றது, யார் நிறுத்தினர் என்பவற்றையும் கேட்பது பயனளிக்கும்.