திருகோணமலைத் துறை, 1942: விலகலும் ஓட்டமும்

போர் வரலாறு பெரும்பாலும் கப்பல்களின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. 1942 ஏப்ரல் 9ஆம் நாள் திருகோணமலை மீது நிகழ்ந்த யப்பானிய வான் தாக்குதலும் இதற்கு விலக்கன்று. அந்நாளின் நிகழ்ச்சிகளை மீள நோக்குமிடத்து, ஒரே செயலுக்கு இரு பெயர்கள் வழங்கப்பட்டமையைக் காண்கின்றோம்.

1942 பெப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்ததும் இந்து சமுத்திரத்தின் கடல்வழிகளைக் காக்கும் பொறுப்பு இலங்கைத் துறைகளின் மீது விழுந்தது. மலாயாவை இழந்த ஏகாதிபத்தியத்துக்கு இலங்கையின் றப்பரும் இன்றியமையாததாயிற்று. ஏப்ரல் 5இல் கொழும்பு தாக்குண்டது. 8ஆம் நாள் நகுமோவின் விமானந்தாங்கிக் கப்பல்கள் மீண்டும் அணுகுவது தெரியவரவே, திருகோணமலையில் நின்ற கப்பல்கள் அன்றிரவே கடலுக்கு அனுப்பப்பட்டன. மறுநாட் காலை சீனன்குடா விமானத்தளமும் கடற்படைப் பட்டறையும் எண்ணெய்க் குதங்களும் தாக்கப்பட்டன. துறையில் எஞ்சிய சகாயிங் என்னும் சரக்குக் கப்பல் எரிந்தது. விலகிச் சென்றவையும் யாவும் தப்பவில்லை. விமானமெதுவுமின்றிச் சென்ற ஹேர்மிஸ் மட்டக்களப்புக்கு அப்பால் மூழ்கடிக்கப்பட்டது. 307 பேர் மாண்டனர். கிழக்குக் கடற்படையின் பழைய போர்க்கப்பல்கள் கென்யாவின் கிலிந்தினிக்குப் பின்வாங்கின.

கரையில் நின்ற தொழிலாளருக்கோ இத்தகைய ஆணை எதுவும் இருக்கவில்லை. குண்டுவீச்சின் பின் அவர்களுட் பலர் வேலைத்தலத்தை விட்டு அகன்றனர். கப்பல்களின் விலகல் போர்த்தந்திரம் எனப்பட்டது. கூலியாளின் விலகல் ஓட்டம் எனப்பட்டது. இவ்வேறுபாடு சொல்லளவினதன்று, வர்க்க நோக்கின் வெளிப்பாடாகும். கப்பல் பேரரசின் உடைமை. ஆகவே அதனைக் காப்பது கடமை. உழைப்பவனின் உயிர் அவனது சொந்தப் பொறுப்பு. ஆயினும் அவன் அதனைக் காக்க முற்படும்போது குற்றவாளியாகின்றான்.

அத்துடன், இப்போரில் ஈடுபடுவதா என்பது பற்றி இந்நாட்டு மக்கள் வினவப்படவுமில்லை. அதனை எதிர்த்த சமசமாசக் கட்சித் தலைவர்கள் 1940 முதற் சிறைவைக்கப்பட்டிருந்தனர். தமது கருத்து கேட்கப்படாத போரில் தொழிலாளர் எவருக்கு விசுவாசம் காட்டியிருத்தல் வேண்டும்?

கடற்படைத்தளம் 1957இல் இலங்கையிடம் கையளிக்கப்பட்டது. குதங்களோ நிற்கின்றன; 2022இல் அவற்றின் பங்கீடு குறித்து இந்தியாவுடன் உடன்படிக்கை செய்யப்பட்டது. குதங்களின் எண்ணிக்கை துல்லியமாக எண்ணப்பட்டுள்ளது. அவற்றருகே உழைத்தோரின் வரலாறு அவ்வாறு எண்ணப்படவில்லை. நிலாவெளி வீதியிலுள்ள போர்க் கல்லறைத் தோட்டம் படையினரை நினைவுகூர்கின்றது. அதற்கு அப்பாலுள்ளோரை நினைவுகூர்வது, வரலாற்றைக் கீழிருந்து நோக்குவோரின் பணியாகும். உள்ளூர் முதியோரின் வாய்மொழிகளையும் தொழிலாளர் குடும்பங்களின் நினைவுகளையும் காலங்கடக்குமுன் திரட்டுவதிலேயே அப்பணி தொடங்குதல் வேண்டும் என்பது எமது துணிபு.