வழிபாடும் ஓய்வும்: இசுலாமியத் தமிழ் மரபில் ஒரு நோக்கு

சமயக் கடனும் பொழுதுபோக்கும் தம்முள் முரணுவன என்பார் உளர். தமிழ் இசுலாமியர் வரலாற்றை நோக்குமிடத்து இக்கொள்கை முற்றும் பொருந்துமாறில்லை.

ஐவேளைத் தொழுகை நாளைப் பகுக்கின்றதேயன்றி நாள் முழுவதையும் கவர்ந்துகொள்வதன்று. வெள்ளிக்கிழமைத் தொழுகைக்கு அழைப்பு எழுங்கால் வாணிகத்தை நிறுத்துமாறும், தொழுகை முடிந்தபின் பரந்து சென்று பொருள் தேடுமாறும் திருக்குர்ஆனின் 62ஆம் அத்தியாயம் பணிக்கின்றது. பெருநாளன்று பள்ளிவாசலில் அபிசீனியர் ஈட்டி விளையாடியதை நபிகள் நாயகம் தடுத்திலர். துணைவியார் ஆயிஷாவும் காண இடந்தந்தனர் என்பது புகாரியின் தொகுப்பால் அறியப்படும். எனவே, ஓய்வு கூடுமா என்பதன்று வினா. எத்தகைய ஓய்வு கூடும் என்பதே வினாவாம்.

இதற்குத் தமிழகம் இலக்கியத்தானும் விடை கண்டது. கிஸ்ஸா கதை கூறுவது. மசலா வினாவும் விடையுமாய் அமைவது. இவை கேட்போர்க்கு இன்பமும் சமய அறிவும் ஒருங்கே பயப்பன. உமறுப்புலவரின் சீறாப்புராணம் மூன்று காண்டங்களில் 5,000க்கு மேற்பட்ட விருத்தங்கள் கொண்டது. அரபு நாட்டையும் மருதவளம் தோன்றப் புனையும் அக்காப்பியத்தைக் கூடியிருந்து கேட்டல் வழிபாடோ, பொழுதுபோக்கோ எனப் பிரித்துரைத்தல் அரிது.

காரைக்காலை அடுத்த நாகூரில் ஜமாதுல் ஆகிர் மாதத்துக் கந்தூரி 14 நாள் நிகழ்வது. கொடியேற்றம், வாணவேடிக்கை, சந்தனக்கூடு ஆகியவற்றைக் காணப் பிற சமயத்தாரும் திரள்வர். அங்குள்ள 131 அடி உயர மினாரா தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப்சிங் எழுப்பியது.

இவ்விழாக்களை எல்லோரும் ஏற்றனர் எனல் ஆகாது. தாருல் இஸ்லாம் இதழாசிரியர் பா. தாவூத்ஷா (1885–1969) போன்ற சீர்திருத்தக்காரர், கேளிக்கை மிகுமிடத்து மார்க்கம் மறையும் என அஞ்சினர். அவ்வச்சம் புறக்கணித்தற்குரியதன்று. ஆயின், இசை கேட்டல் பற்றி இமாம் கசாலி (1058–1111) ஆராய்ந்தபோது, கேட்போன் உள்ளநிலையையும் கேட்கப்படும் பொருளையும் கருதியே முடிவு கூறினார். அவ்வளவுகோலை ஈண்டும் கொள்ளலாம். விழாவின் மிகையைக் கடிவார், அதனோடு கூடி வளர்ந்த தமிழையும் உடன் கடிதல் வேண்டா. ஓதுவாரும் கேட்பாரும் அருகின் ஏடுகள் எஞ்சும், மரபு எஞ்சாது.