மோட்டார் வாகனம் பேசக் கற்ற வரலாறு



இன்று மோட்டார் வாகனமொன்றைப் பழுது பார்க்கும் இடத்துக்குக் கொண்டு செல்வோமாயின், அங்குள்ள மெக்கானிக் முதலில் எஞ்சின் மூடியைத் திறப்பதில்லை. சாரதியின் ஆசனத்தருகே குனிந்து, சுக்கான் சில்லின் கீழே மறைந்திருக்கும் ஓர் இணைப்பு வாயில் சிறு கருவியொன்றைச் செருகுகின்றார். சில விநாடிகளில் வாகனத்தின் குறை எழுத்தாகவும் எண்ணாகவும் அக்கருவியின் முகத்திலே தோன்றுகின்றது. 'ஸ்கானர்' என வழங்கப்படும் இக்கருவி இன்று சிறிய கராஜ்களிலும் காணப்படுகின்ற ஒன்றாகும்.

ஆயின், முப்பது ஆண்டு கண்ட வாகனமொன்றிலே அதே கருவியைப் பொருத்த முற்படுவோருக்கு அனுபவம் வேறு. சில வாகனங்களில் இணைப்பு வாயே இராது. வாய் இருப்பினும் வடிவம் பொருந்தாது. வடிவம் பொருந்தினும் மறுமொழி வாராது. கருவி பழுதென்று சிலர் எண்ணுவர். வாகனம் பழுதென்று வேறு சிலர் எண்ணுவர். பெரும்பாலும் இரண்டும் பழுதல்ல. அந்த மௌனத்துக்குக் காரணம் வரலாற்றிலே இருக்கின்றது. அவ்வரலாறு இயந்திரத்தின் வரலாறு மாத்திரமன்று. மனிதர் சுவாசிக்கும் காற்றின் வரலாறும், சட்டத்தின் வரலாறும் அதனுள் அடங்கும்.

பழைய வாகனத்துக்கு வைத்தியம் பார்த்தவனின் கருவிகள் அவனுடைய காதும் மூக்கும் கையுமே. எஞ்சினின் ஓசையைக் கேட்டான். புகையின் நிறத்தைப் பார்த்தான். தீப்பொறிப் புளக்கைக் கழற்றி அதன் நுனியில் படிந்த கரியை ஆராய்ந்தான். காபுரேற்றர் பெற்றோலையும் காற்றையும் கலந்து கொடுத்தது. அதனைத் திருத்துவதற்கு ஒரு திருப்புளி போதுமாயிருந்தது. 1990களில் பொருளாதாரத் தடையினால் யாழ்ப்பாணத்திலே பெற்றோல் கிடைத்தற்கரிய பொருளாயிற்று. அங்கே ஒஸ்ரின் கேம்பிரிட்ஜ், மொறிஸ் மைனர் முதலான கார்கள் சில துளி பெற்றோலில் உயிர்ப்பிக்கப்பட்டு, பின்னர் மண்ணெண்ணெயில் ஓடின. கணினி இல்லாத எஞ்சின் ஆதலினாலேயே அது இயன்றது. அத்தகைய வாகனத்தில் ஸ்கானரைப் பொருத்த இடம் தேடுவது வீண். வினவினால் விடை தரும் உறுப்பு ஒன்றும் அதனுள் இல்லை.

அவ்வுறுப்பு வாகனத்தினுள் புகுந்தது எவ்வாறு? விடை தேடி நாம் அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்துக்குச் செல்ல வேண்டும். 1943ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் லொஸ் ஏஞ்சலிஸ் நகரை அடர்ந்த புகைமூட்டம் ஒன்று கவிந்தது. மக்களின் கண்கள் எரிந்தன, தொண்டை கரகரத்தது. உலக யுத்தம் நடைபெற்ற காலமாதலின், பகைவரின் நச்சுவாயுவோ என்று ஐயுற்றவர்களும் உண்டு. காரணம் பல ஆண்டுகள் தெளிவாகவில்லை. ஒல்லாந்தில் பிறந்து, கலிபோர்னியாத் தொழில்நுட்பக் கழகத்தில் பேராசிரியராயிருந்த ஆரி ஹாகன்-ஸ்மித் என்னும் இரசாயனவியலாளர் 1950களின் தொடக்கத்தில் அதனை விளக்கினார். அதற்கு முன் அவர் அன்னாசிப் பழத்தின் மணத்தை ஆராய்ந்து கொண்டிருந்தவர். வாகனங்களும் எண்ணெய் ஆலைகளும் வெளியேற்றும் ஐதரோக்காபன்களும் நைதரசன் ஒட்சைட்டுகளும் சூரிய ஒளியிலே தாக்கமுற்று அம்மூட்டத்தை உண்டாக்குகின்றன என்று அவர் காட்டினார். பகைவன் வெளியிலிருந்து வரவில்லை. ஒவ்வொரு வீட்டு வாயிலிலும் நின்றிருந்தான்.

மோட்டார்த் தொழிலதிபர்கள் இம்முடிவை எளிதில் ஏற்றாரல்லர். எனினும் சட்டம் மெல்ல மெல்ல நகர்ந்தது. 1967ஆம் ஆண்டுச் சட்டத்தினால் கலிபோர்னியாவில் காற்று வளச் சபை அமைக்கப்பட்டது. ஹாகன்-ஸ்மித் அதன் முதற் தலைவரானார். 1970ஆம் ஆண்டில் அமெரிக்க மத்திய அரசின் தூய காற்றுச் சட்டம், வாகனப் புகையின் நச்சைச் சில ஆண்டுகளுக்குள் 90 வீதத்தால் குறைக்குமாறு விதித்தது. அதன் விளைவாக 1975ஆம் ஆண்டு மாதிரி வாகனங்களில் ஊக்கி மாற்றி என்னும் சாதனம் பரவலாக இடம்பெற்றது. புகைக்குழாயின் வழியிலே அமைந்து, பிளாற்றினம் போன்ற உலோகங்களின் உதவியினால் நச்சு வாயுக்களைத் தீங்கு குறைந்தவையாக மாற்றுவது அதன் தொழில்.

இந்த மாற்றி நுண்ணிய இயல்புடையது. பெற்றோலில் ஈயம் கலந்திருந்தால் அது கெட்டுவிடும். அன்றியும், நைதரசன் ஒட்சைட்டுகளையும் சேர்த்து மூவகை நஞ்சையும் ஒருங்கே மாற்றுகின்ற வகை செவ்வனே இயங்குதற்கு, ஒரு பங்கு பெற்றோலுக்கு ஏறக்குறைய 14.7 பங்கு காற்று என்னும் நிறை விகிதம் இடையறாது பேணப்படல் வேண்டும். பழைய காபுரேற்றரினால் அது இயலாது. ஆகவே புகையிலுள்ள ஒட்சிசனை அளக்கும் உணரி ஒன்று தேவைப்பட்டது. போஷ் நிறுவனம் ஆக்கிய அவ்வுணரி 1976ஆம் ஆண்டில் அமெரிக்காவுக்கான வொல்வோ கார்களில் முதலில் இடம்பெற்றது. உணரி சொல்வதைக் கேட்டு எரிபொருளை நொடிக்கு நொடி கூட்டவும் குறைக்கவும் ஒரு கணினி வேண்டுமன்றோ? காற்றைக் காக்க எழுந்த சட்டம் இவ்வாறாகக் கணினியை எஞ்சினுடன் பிணைத்தது.

கணினி புகுந்ததும் பழைய மெக்கானிக்கின் காது பயனிழந்தது. எஞ்சின் தடுமாறுவது உணரியின் பிழையாலா, கம்பியின் பிழையாலா, கணினியின் பிழையாலா என்று ஓசையைக் கேட்டு அறிய இயலாது. கணினியையே வினவ வேண்டும். வாகனத்தை ஒரு கருவியுடன் இணைத்துச் சோதிக்கும் எண்ணம் அதற்கு முன்னரே தோன்றியதுதான். வொக்ஸ்வாகன் நிறுவனம் 1971ஆம் ஆண்டளவில் தன் கார்களின் எஞ்சின் அருகே ஒரு மத்திய இணைப்பு வாயை அமைத்தது. ஆனால் அங்கே கணினி இருந்தது பணிமனையில், காரிலன்று. காரின் கணினியுடனேயே உரையாடுவதற்கான இணைப்பை ஜெனரல் மோட்டர்ஸ் 1980களின் தொடக்கத்தில் பரவலாக்கிற்று. அவ்விணைப்புக்கு அவர்கள் இட்ட பெயரிலேயே 'பொருத்து நிரை' என்னும் சொல் அடங்கியிருந்தது. தொழிற்சாலையிலிருந்து வெளியேறுமுன் வாகனத்தைச் சோதிப்பதற்கென அமைந்ததாதலின், வாங்குபவரோ தெருவோரத்து மெக்கானிக்கோ அப்பெயரில் இடம்பெறவில்லை.

ஆயினும் தெருவோரத்து மெக்கானிக் வழி கண்டுகொண்டான். ஜெனரல் மோட்டர்ஸ் வாகனங்களில் அவ்விணைப்பு வாயின் ஏ, பி என்னும் இரு முனைகளையும் ஒரு துண்டுக் கம்பியினால் தொடுத்து, எஞ்சினை இயக்காமல் சாவியை மாத்திரம் திருப்பினால், முகப்பிலுள்ள எச்சரிக்கை விளக்கு கண் சிமிட்டும். ஒரு சிமிட்டு, சிறு இடைவெளி, பின்னர் இரு சிமிட்டு: அது 12 என்னும் குறி. மும்முறை அதனைக் கூறி, 'என் சோதனை முறை ஒழுங்காயிருக்கின்றது' என்று தெரிவித்த பின்னரே குறைகளைக் கூறத் தொடங்கும். போர்ட் வாகனங்களில் வோல்ற்றுமானியின் ஊசி எத்தனை முறை அசைகின்றதென எண்ணிக் குறியை அறிந்தனர். டொயோட்டாவில் டீ.ஈ.1, ஈ.1 என்னும் முனைகளைத் தொடுத்தனர். நிசானின் சில கார்களில் கணினிப் பெட்டியிலேயே உள்ள சிறு திருகாணியைத் திருப்பி, சிவப்பு விளக்கைப் பத்தாகவும் பச்சை விளக்கை ஒன்றாகவும் எண்ணினர். ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு மொழியை வகுத்தது. சில நிறுவனங்களுக்குள்ளேயே மாதிரிக்கு மாதிரி மொழி மாறிற்று. அம்மொழிகளுக்கான கருவிகளும் விளக்க நூல்களும் விலை மிகுந்தவை. ஊர் மெக்கானிக் ஒருவர் அவை அனைத்தையும் வாங்குதல் எங்ஙனம்?

மீண்டும் சட்டமே முன்வந்தது. கலிபோர்னியாச் சபை 1985ஆம் ஆண்டில் ஒரு விதியை இயற்றி, 1988ஆம் ஆண்டு மாதிரி முதல் வாகனம் தன் மாசடக்கும் உறுப்புகளைத் தானே கண்காணித்து, குறை கண்டால் விளக்கினால் அறிவிக்க வேண்டும் என்றது. அவ்விதி இணைப்பு வாயின் வடிவத்தையோ மொழியையோ வரையறுக்கவில்லை. அக்குறையை நீக்குதற்கு இரண்டாம் விதி எழுந்தது. 1989இல் சபை அதனை ஏற்றது. 1990இல் திருத்தப்பட்ட தூய காற்றுச் சட்டம் அந்நோக்கை நாடு முழுமைக்கும் விரித்தது. 1994இல் படிப்படியாகத் தொடங்கி, 1996ஆம் ஆண்டு மாதிரி முதல் அமெரிக்காவில் விற்கப்பட்ட கார்கள் யாவற்றிலும் ஒரே வடிவான 16 முனை இணைப்பு வாய் அமைக்கப்பட்டது. ஓ.பி.டி. 2 என்று அம்முறை பெயர் பெற்றது. ஐரோப்பிய ஒன்றியம் புதிய பெற்றோல் கார்களுக்கு 2001ஆம் ஆண்டிலும், டீசல் கார்களுக்கு அதன் பின் சில ஆண்டுகளிலும் இதனைக் கட்டாயமாக்கிற்று. குறிகளும் பொதுவாயின. எந்த நிறுவனத்தின் காராயினும் பி0301 என்பது முதலாம் உருளையில் எரிதல் தவறுகின்றது என்பதையும், பி0420 என்பது ஊக்கி மாற்றியின் திறன் குறைந்துவிட்டது என்பதையும் குறிக்கும்.

நேயர்களே, வாய் ஒன்றாயிற்று. ஆனால் நா ஒன்றாகவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். நிறுவனங்களின் பிணக்கைத் தீர்க்கும் பொருட்டு ஒன்றுக்கு மேற்பட்ட மொழிகள் அனுமதிக்கப்பட்டன. போர்ட் ஒன்றையும், ஜெனரல் மோட்டர்ஸ் வேறொன்றையும், ஐரோப்பிய, ஆசிய நிறுவனங்களுட் பல மற்றொன்றையும் கைக்கொண்டன. 2008ஆம் ஆண்டு மாதிரி முதலே, போஷ் நிறுவனம் 1986இல் வெளியிட்ட 'கான்' என்னும் தொடர்பு முறை அமெரிக்கச் சந்தையில் ஒரே மொழியாக விதிக்கப்பட்டது. அதற்கு முற்பட்ட வாகனத்துடன் பேச விரும்பும் ஸ்கானர் பழைய மொழிகளையும் கற்றிருத்தல் அவசியம்.

அம்மொழிகளுள் ஒன்றின் முகமன் முறை கேட்பதற்கு இனியது. ஐ.எஸ்.ஓ. 9141 என்னும் நெறியைப் பின்பற்றும் காரை ஸ்கானர் திடீரென வினவ முடியாது. முதலில் 33 என்னும் முகவரிக் குறியை விநாடிக்கு ஐந்து துடிப்பு என்னும் மிகமெதுவான கதியில் அனுப்ப வேண்டும். அந்த ஒரு சொல்லைச் சொல்லி முடிக்கவே இரண்டு விநாடி செல்லும். கார் விழித்து, விநாடிக்கு 10,400 துடிப்பு என்னும் கதியில் 55 என்று பதிலிறுத்து, தான் பேசும் முறையைக் குறிக்கும் இரு சொற்களையும் தரும். ஸ்கானர் இரண்டாவது சொல்லைத் தலைகீழாக்கித் திருப்பிச் சொல்ல வேண்டும். காரும் தன் முகவரியைத் தலைகீழாக்கி மறுமொழி கூறும். இதன் பின்னரே உரையாடல் தொடங்கும். இம்முறை அறியாத மலிவான போலிக் கருவி பொறுமையின்றிக் கேட்டுவிட்டு, 'தொடர்பு இல்லை' என்று கூறிவிடுகின்றது. 2005ஆம் ஆண்டில் கனடாவிலே வெளிவந்த ஈ.எல்.எம். 327 என்னும் சில்லைப் பார்த்து எண்ணிறந்த போலிகள் செய்யப்பட்டன. அவற்றுட் பல, மூலம் அறிந்த எல்லா மொழிகளையும் அறியா.

எனவே பழைய வாகனத்தில் ஸ்கானரைப் பொருத்துமுன் அது எந்த ஆண்டில், எந்த நாட்டுச் சந்தைக்கெனச் செய்யப்பட்டது என்று அறிதல் வேண்டும். நம் நாட்டுக்கு இது பெரிதும் பொருந்தும். இங்கு ஓடும் கார்களிற் பல யப்பானின் உள்நாட்டுச் சந்தைக்கெனச் செய்யப்பட்டுப் பின்னர் இறக்குமதியானவை. 1990களின் பிற்பகுதியையும் 2000களின் முற்பகுதியையும் சேர்ந்த அத்தகைய கார்களிற் சில 16 முனை வாயைக் கொண்டிருப்பினும், அமெரிக்கச் சட்டம் அவற்றைக் கட்டுப்படுத்தாமையால், அதன் பொதுமொழியைப் பேசுவதில்லை. ஸ்கானரிலே விளக்கு எரிவதைக் கண்டு தொடர்பு கிட்டியதென மயங்குதலும் ஆகாது. 16ஆம் முனை நேரே பற்றரியின் மின்னைத் தருவது. விளக்கு அதற்கு மாத்திரமே சான்று. வாயினுள் எந்தெந்த முனைகளில் உலோகம் இருக்கின்றது என நோக்கின் மொழி ஓரளவு புலனாகும். 6ஆம், 14ஆம் முனைகள் 'கான்' முறைக்கும், 7ஆம் முனை மேற்கூறிய ஐ.எஸ்.ஓ. முறைக்கும், 2ஆம் முனை அமெரிக்க நிறுவனங்களின் முறைகளுக்கும் உரியவை. பழைய வடிவ வாய்க்கும் புதிய கருவிக்கும் இடையே பொருத்தும் இணைப்புக் கம்பிகளும் விற்பனைக்கு உண்டு. அவை வடிவத்தை மாற்றுமேயன்றி மொழியை மாற்றா.

குறியைப் படித்தல் நோயறிதல் ஆகாது என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது. பி0420 என்று கண்டதும் விலையுயர்ந்த ஊக்கி மாற்றியை வாங்குபவர், சில வேளை புகைக்குழாயிலுள்ள சிறு வெடிப்பை விட்டுவிடக்கூடும். நோயை அறிவதோடு நில்லாது அதன் மூலத்தையும் தேர்தல் வேண்டுமென்று வள்ளுவர் வைத்தியருக்குக் கூறிய நெறி மெக்கானிக்குக்கும் உரியதே. குறியை அழித்து விளக்கை அணைப்பது அதனினும் பெரிய தவறு. இலங்கையில் 2008ஆம் ஆண்டு தொடங்கிய வாகனப் புகைப் பரிசோதனையில் வருடந்தோறும் நம் வாகனங்கள் தோற்றுகின்றன. அதன் நோக்கம் சான்றிதழன்று, நம் பிள்ளைகள் பாடசாலைக்கு நடக்கும் வீதியின் காற்று என்பதை மறந்தோருக்கே விளக்கை அணைப்பது திறமையாகத் தோன்றும்.

இவ்வரலாறு முடிந்துவிடவில்லை. சட்டம் பொதுவாக்கியது மாசு பற்றிய குறிகளையே. தடுப்பு, காற்றுப்பை முதலியவற்றின் மொழி பெரிதும் நிறுவனங்களின் கையிலேயே இருந்தது. அமெரிக்காவின் மசாச்சுசெற்ஸ் மாநில மக்கள் 2012ஆம் ஆண்டில், பழுது பார்க்கும் தகவல்களைச் சுதந்திர மெக்கானிக்குகளுக்கும் நியாயமான முறையில் வழங்க வேண்டுமென்று பெருவாரியாக வாக்களித்தனர். வாகனம் கம்பியின்றித் தன் நிறுவனத்துக்கு அனுப்பும் செய்திகள் பற்றி 2020இல் மீண்டும் வாக்களித்தனர். முதல் இணைப்பு வாய் தொழிற்சாலைக்கென அமைந்தது. அதனைப் பொதுமக்களிடம் கொணர்ந்தது காற்றின் பொருட்டு எழுந்த சட்டம். இனிவரும் வாகனம் கம்பி வழி பேசாது வான்வழி பேசுமாயின், அதன் பேச்சைக் கேட்கும் உரிமை எவருக்குரியது என்னும் வினா மறுபடியும் எழும். சிற்றூர்க் கராஜில் எண்ணெய்க் கறை படிந்த கையுடன் நிற்கும் இளைஞனின் பிழைப்பு, அவ்வினாவுக்கு நாம் காணும் விடையிலே தங்கியிருக்கின்றது.