ஏடும் அச்சும் அறிவும்

குரும்பலூர், செங்கணம், குன்னம் முதலிய ஊர்களைக் கொண்ட பெரம்பலூர் வட்டாரம் முன்னாளில் திருச்சிராப்பள்ளி மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. 1855-இல் பிறந்த உ. வே. சாமிநாதையர் இளமையில் தமிழ் கற்கும் வேட்கையுடன் சுற்றித் திரிந்த நிலம் இது. செங்கணத்தில் விருத்தாசல ரெட்டியாரிடம் அவர் யாப்பருங்கலக்காரிகை பாடங்கேட்டார். அக்கல்வி பின்னாளில் எவ்வாறு பயன்பட்டது என்று ஆராய்ந்தால், அறிவு எங்கே இருக்கிறது என்னும் பெரிய வினாவுக்கு விடை காணலாம்.

பனையோலையில் எழுதுவோர் பெரும்பாலும் மெய்யெழுத்துக்குப் புள்ளி இடுவதில்லை. எகர ஒகரங்களின் குறில் நெடில் வேறுபாடும் தெளிவாக இராது. 'கொடு' என்பதும் 'கோடு' என்பதும் ஒரே வடிவில் நிற்கும். 'பலகலை' என்று ஏட்டில் இருந்தால், அது 'பலகலை'யா, 'பல்கலை'யா? முன்னது கருவிளம், பின்னது கூவிளம். எது பொருந்தும் என்பதை யாப்பறிந்தவரே சொல்லவியலும். ஆகவே ஏடு அறிவின் ஒரு பாதியை மட்டுமே தாங்கி நின்றது; மறுபாதி படிப்பவர் உள்ளத்தில் இருந்தது.

1578-இல் கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' தமிழெழுத்தில் அச்சேறியது. 1835-க்குப் பின் இந்தியர்கள் தடையின்றி அச்சகம் நடத்தும் உரிமை பெற்றனர். நூல்கள் பெருகின, விலை குறைந்தது, ஆசிரியர் இல்லத்தை நாடாமலே நூலைப் பெறும் வாய்ப்பு ஏழை மாணவனுக்கும் கிட்டியது. இது பெரும் நன்மையே. ஆயினும், அச்சில் புள்ளி தானாக வந்து அமரவில்லை. அதை இட்டவர் பதிப்பாசிரியர். முன்னர் ஒவ்வொரு வாசகரும் செய்த முடிவை இப்போது ஒருவர் எல்லோருக்குமாகச் செய்தார். அவர் பிழைத்தால் ஆயிரம் படிகளும் பிழைபடும்.

இப்பொறுப்பைச் சாமிநாதையர் நன்குணர்ந்தார். சீவகசிந்தாமணியைப் பதிப்பிக்கையில் பல ஏடுகளை ஒப்பிட்டார். சமணக் கொள்கை விளங்காத இடங்களில் கும்பகோணத்துச் சமணர்களை நாடிக் கேட்டார். ஏட்டிலும் உரையிலும் எட்டாத பொருள், வாழும் மனிதரிடம் இருந்தது! 1887-இல் நூல் வெளிவந்த பின்பும் அவர் ஓயவில்லை. பின்வந்த பதிப்புகளில் திருத்தங்கள் செய்தார்.

நம் தருக்க நூலார் அறிவுக்குரிய அளவைகளைக் காண்டல், கருதல், உரை என மூன்றாகக் கூறுவர். ஏடுகளைக் கண்ணால் ஒப்பிட்டது காண்டல். யாப்பையும் இடத்தையும் கொண்டு பாடத்தைத் துணிந்தது கருதல். அறிந்தோரை வினவியது உரை. மூன்றும் ஒன்றையொன்று சோதித்தபோதே உண்மை துலங்கியது.

1939-இல் திருச்சிராப்பள்ளியில் வானொலி நிலையம் தொடங்கியது. சொல் காற்றில் ஏறிச் சிற்றூர்களை அடைந்தது. இன்று குரும்பலூர் மாணவர் கைப்பேசியில் ஒரு நொடியில் சிந்தாமணியைத் திறக்கலாம். ஆனால் கருவி நமக்கு விரைந்து அளிப்பது உரை ஒன்றே. அதைக் காண்டலாலும் கருதலாலும் சோதிக்கும் கடமை நம்மிடமே உள்ளது. ஓலை மாறிற்று, தாள் வந்தது, திரையும் வந்தது, 'இது மெய்தானா?' என்று கேட்கும் உள்ளம் இல்லாதவிடத்து, இவற்றுள் எதுவும் அறிவாகாது. மாணவர்களே, படித்த ஒன்றை ஏன் நம்புகிறோம் என்று சொல்லத் தெரிந்தவரே அதை அறிந்தவர் ஆவர்.